குலிசிடே, குலிசைன், குலெக்ஸ்: மூன்றும் ஒரே கொசுவா?

டெல்டா_பயிற்சி எழுதியது:

வணக்கம். சுகாதார ஆய்வாளர் பயிற்சியில் இருக்கிறேன், ஊர் மன்னார்குடி பக்கம். கொசு பற்றிய பாடத்தில் காதுக்கு ஒரே மாதிரி கேட்கும் சொற்கள் மாறி மாறி வருகின்றன. ஒரு பக்கத்தில் குலிசிடே, அடுத்த பக்கத்தில் குலிசினே, கொசுப்புழு கணக்கெடுக்கும் படிவத்தில் "அனாபிலைன் / குலிசைன்" என்று இரண்டே கட்டம். இதற்கெல்லாம் மேலே பள்ளிக்கூடத்திலிருந்து தெரிந்த குலெக்ஸ் வேறு இருக்கிறது. எங்கள் வகுப்பில் பாதிப் பேர் குலிசைன் என்றால் குலெக்ஸ் என்றே எடுத்துக்கொள்கிறார்கள். ஆனால் பாடக்குறிப்பில் "ஏடிஸ் ஒரு குலிசைன் கொசு" என்று தெளிவாகப் போட்டிருக்கிறது. அப்படியென்றால் டெங்கு பரப்பும் ஏடிஸும் ஒரு வகைக் குலெக்ஸா? கேட்டால், தேர்வுக்கு இது வராது, மனப்பாடம் பண்ணிக்கொள் என்கிறார்கள். எனக்குத் தேர்வுக்காக இல்லை, நாளைக்கு ஒரு வீட்டுத் தொட்டியில் எட்டிப் பார்த்துவிட்டு எந்தக் கட்டத்தில் குறி போடுவது என்று தெரிய வேண்டும்.

இந்தச் சொற்களின் பொருள் என்ன, எதை எங்கே பயன்படுத்துவது, தமிழில் அறிக்கை எழுதும்போது எப்படி எழுதுவது? தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.


பூச்சியியல்_பழையவர் எழுதியது:

தம்பி, நான் பூச்சியியல் பிரிவில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். கேட்க வேண்டியதைத்தான் கேட்டிருக்கிறீர்கள், இதை மனப்பாடம் பண்ணச் சொன்னது தப்பு. புரிந்துகொண்டால் மனப்பாடமே தேவைப்படாது.

சொல்லின் கடைசியைப் பாருங்கள். விலங்கியலில் குடும்பப் பெயர் எதுவானாலும் "இடே" என்று முடிய வேண்டும், துணைக்குடும்பம் "இனே" என்று முடிய வேண்டும். உலகம் முழுக்க ஒரே விதி. பூனையும் புலியும் சிங்கமும் ஃபெலிடே, நாம் ஹோமினிடே, கொசுக்கள் அத்தனையும் குலிசிடே. இந்தப் பெயருக்கு வேர் குலெக்ஸ். லத்தீனில் கொசு மாதிரியான சின்னப் பூச்சிக்குப் பெயர் குலெக்ஸ். நம் மொழியில் மரம் என்பது மரத்தின் என்று திரிகிற மாதிரி அங்கே குலெக்ஸ் என்பது "குலிசிஸ்" என்று திரியும். அந்தத் திரிந்த உருவத்தில் இடே சேர்ந்து குலிசிடே. ஆக "கொசுக் குடும்பம்" என்பதுதான் அதன் நேர்ப்பொருள், அதற்கு மேல் மறைபொருள் எதுவும் கிடையாது.

குலெக்ஸ் என்ற பெயர் ஏன் குடும்பத்துக்கே வந்தது என்றால், அதுதான் மூத்தது. உயிரினங்களுக்குப் பெயரிடும் முறையை வகுத்த லின்னேயஸ் 1758-இல் தனக்குத் தெரிந்த கொசு எல்லாவற்றையும் குலெக்ஸ் என்ற ஒரே பேரினத்தில் போட்டுவிட்டார். மெய்கன் என்ற ஜெர்மானியர் 1818-இல்தான் அனாபிலிஸ், ஏடிஸ் என்று தனித்தனிப் பேரினங்களைப் பிரித்தார். இரண்டுமே கிரேக்கச் சொற்கள்: அனாபிலிஸ் என்றால் பயனற்றது, ஏடிஸ் என்றால் வெறுக்கத்தக்கது, சகிக்க முடியாதது. இந்தக் கொசுக்கள் மலேரியாவையும் டெங்குவையும் பரப்புகின்றன என்று அந்தக் காலத்தில் ஒருவருக்கும் தெரியாது என்பதையும் நினைத்துப் பாருங்கள்.

இப்போது உங்கள் கேள்விக்கு வருகிறேன். குலிசிடே என்ற பெரிய குடும்பத்தில் உலகம் முழுக்க 3,500-க்கு மேல் சிற்றினங்கள் இருக்கின்றன, இந்தியாவில் மட்டும் 400 அளவில். இந்தக் குடும்பம் இரண்டே துணைக்குடும்பமாகப் பிரிகிறது. ஒன்று அனாபிலினே. இதில் நம் நாட்டில் இருப்பது அனாபிலிஸ் ஒன்றுதான். மற்றொன்று குலிசினே. அனாபிலிஸ் தவிர நம் ஊரில் பறக்கும் மற்ற எல்லாக் கொசுவும் இதில் வந்துவிடும். குலெக்ஸ் ஒன்று, ஏடிஸ் ஒன்று, ஆகாயத்தாமரை வேரில் ஒட்டிக்கொண்டு வளரும் மன்சோனியா ஒன்று, செப்டிக் டேங்கில் வளரும் ஆர்மிஜெரிஸ் ஒன்று. குலிசினேயைச் சேர்ந்தது குலிசைன். அதனால் ஏடிஸ் குலிசைன்தான், ஆனால் குலெக்ஸ் அல்ல. குலெக்ஸ் எல்லாம் குலிசைன், குலிசைன் எல்லாம் குலெக்ஸ் இல்லை. இதில் இன்னொரு சொல்லும் இருக்கிறது, "குலிசிட்". அது முழுக் குடும்பத்துக்கும் பொது, அனாபிலிஸும் அதில் அடக்கம். குலிசிட், குலிசைன் இரண்டுக்கும் சொல்லின் கடைசியில் மட்டும்தான் வித்தியாசம். மொழிபெயர்ப்பவர்கள் இந்த இரண்டையும் போட்டுக் குழப்புவதை நிறையப் பார்த்திருக்கிறேன்.

படிவத்தில் ஏன் இரண்டே கட்டம்? தொட்டியில் டிப்பர் (புழு எடுக்கும் கைப்பிடிக் கரண்டி) விட்டு எடுக்கும்போது வெறும் கண்ணால் நிச்சயமாகச் சொல்ல முடிகிற பிரிவு இது ஒன்றுதான். டிப்பரைக் கொஞ்ச நேரம் ஆடாமல் பிடியுங்கள், புழுக்கள் மூச்சு வாங்க மேலே வரும். நீர்மட்டத்தோடு மட்டமாக, மிதக்கிற துரும்பு மாதிரி படுத்துக்கிடந்தால் அனாபிலைன், ஏனென்றால் அதற்கு மூச்சுக்குழல் கிடையாது. வாலில் ஒரு குழல் இருந்து, அதை மட்டும் மேலே ஒட்டவைத்துக்கொண்டு உடம்பு சாய்வாகத் தலைகீழாகத் தொங்கினால் குலிசைன். வெளிச்சம் இருந்தால் போதும், லென்ஸ் கூட வேண்டாம்.

ஆனால் குலிசைன் கட்டத்தில் குறி போட்டதோடு வேலை முடிந்தது என்று நினைத்துவிடாதீர்கள். அந்த ஒரே கட்டத்தில் சாக்கடைக் குலெக்ஸும் விழும், சிமெண்ட் தொட்டி ஏடிஸும் விழும். குழலைப் பாருங்கள். ஏடிஸுக்குக் குட்டையாகத் தடியாக இருக்கும், புழு பாம்பு மாதிரி நெளிந்து போகும், வெளிச்சம் பட்டால் சட்டென்று அடிக்கு ஓடும். குலெக்ஸுக்கு நீளமாக மெல்லிசாக இருக்கும். சந்தேகம் இருந்தால் ஒரு பாட்டிலில் பிடித்துப் போய்ப் பெரிய கொசுவாகும்வரை விட்டுப் பாருங்கள், அதுதான் எங்கள் காலத்தில் செய்தது.


பேரூராட்சி_களம் எழுதியது:

ஐயா சொன்னதை மறுக்கவில்லை, ஆனால் களத்தில் இத்தனை லத்தீன் எதற்கு? நான் டெங்கு ஒழிப்புப் பணியில் இருக்கிறேன், வீடு வீடாகப் போய் அபேட் என்ற கொசுப்புழு மருந்து ஊற்றுகிற வேலை. எங்கள் மக்களுக்கு டெங்கு கொசு, மலேரியா கொசு, யானைக்கால் கொசு என்றால் புரிகிறது. அதைவிட நன்றாக, நல்லதண்ணிக் கொசு, சாக்கடைக் கொசு என்றால் இன்னும் புரிகிறது. "உங்கள் வீட்டில் குலிசைன் புழு இருக்கிறது" என்று ஒரு அம்மாவிடம் போய்ச் சொன்னால் அவர் தொட்டியைக் கழுவுவாரா, பயந்துபோய் ஆஸ்பத்திரிக்கு ஓடுவாரா? வெயிலில் நாள் முழுக்க நடக்கிறவர்களுக்கு இந்த வகைப்பாடு எல்லாம் அறைக்குள் உட்கார்ந்திருப்பவர்கள் சமாச்சாரமாகத்தான் தெரிகிறது. புழு எதுவாக இருந்தாலும் கொட்டிக் கழுவ வேண்டியதுதானே.


விலங்கியல்_டீச்சர் எழுதியது:

பேரூராட்சி நண்பருக்கு: வீட்டுக்காரம்மாவிடம் லத்தீன் பேச வேண்டாம், அதில் உங்களோடு முழுக்க ஒத்துப்போகிறேன். நீங்கள் எழுதி மேலே அனுப்புகிற தாளில்தான் பெயர் வேண்டும் என்கிறேன்.

நல்லதண்ணிக் கொசு என்றே எடுத்துக்கொள்வோம். ஏடிஸ் ஈஜிப்டி நல்ல தண்ணீரில் வளர்கிறது, சரி. நகரத்து மலேரியாவைப் பரப்பும் அனாபிலிஸ் ஸ்டெஃபன்சையும் நல்ல தண்ணீரில்தான் வளர்கிறது. மேல்நிலைத் தொட்டி, கிணறு, கட்டடம் கட்டுகிற இடத்தில் தேக்கிவைத்த தண்ணீர். சென்னையில் மலேரியா நீண்ட காலம் நின்றதற்கு இந்தக் கொசு முக்கியக் காரணம். இரண்டும் நல்லதண்ணிக் கொசுதான், ஆனால் செய்ய வேண்டிய வேலை வேறு. ஏடிஸ் முட்டையைத் தண்ணீரில் விடாது. தொட்டிச் சுவரில், நீர்மட்டத்துக்குச் சற்று மேலே ஈரமான இடத்தில் ஒட்டவைக்கும். கறுப்பாக, தூசு மாதிரி இருக்கும், விரலால் தடவினால்தான் தட்டுப்படும். தண்ணீரைக் கொட்டிவிட்டுத் தொட்டியைக் காயப்போட்டாலும் அந்த முட்டை மாதக்கணக்கில் உயிரோடு இருக்கும், மறுபடி தண்ணீர் ஏறியதும் பொரியும். அதனால் பிரஷ் போட்டுத் தேய்க்க வேண்டும், கொட்டினால் மட்டும் போதாது. அனாபிலிஸ் முட்டை அப்படிக் காய்ந்து தாக்குப்பிடிக்காது, அதற்குக் கிணற்றை வலையால் மூடுவதும் கப்பி, கம்பூசியா மீன் விடுவதும் நன்றாக வேலை செய்யும். "கொட்டிக் கழுவ வேண்டியதுதானே" என்றீர்களே, கிணற்றை எப்படிக் கொட்டுவீர்கள்?

பெயர் தெரியாததால் எவ்வளவு உழைப்பு வீணாகும் என்பதற்கு ரொனால்ட் ராஸ் கதையே போதும். மலேரியாக் கிருமி கொசுவுக்குள் வளர்கிறது என்பதை நிரூபிக்க அவர் செகந்திராபாத்தில் 1895-இலிருந்து கொசுக்களை அறுத்துப் பார்த்துக்கொண்டே இருந்தார். அவருக்குப் பூச்சியியல் பெயர்கள் தெரியாது. அதனால் சாம்பல் கொசு, வரிக் கொசு, புள்ளிச் சிறகுக் கொசு என்று தானே பெயர் வைத்துக்கொண்டார். சாம்பல் என்றது குலெக்ஸ், வரி என்றது ஏடிஸ். இந்த இரண்டையும்தான் பெரும்பாலும் நோயாளிகளைக் கடிக்கவிட்டு, நுண்ணோக்கியில் கண் நோக நோகப் பார்த்தார். மனித மலேரியா அந்த இரண்டிலும் வளராது, அவர் எத்தனை வருடம் பார்த்திருந்தாலும் வளர்ந்திருக்காது. 1897 ஆகஸ்ட் 20 அன்று புள்ளிச் சிறகுக் கொசுவின் வயிற்றுச் சுவரில் கிருமியைக் கண்டார். அது அனாபிலிஸ். அந்த நாளைத்தான் இன்று உலகக் கொசு நாளாக வைத்திருக்கிறோம். ராஸுக்கு 1902-இல் நோபல் பரிசு கிடைத்தது. அனாபிலினே என்ற ஒரு துணைக்குடும்பம் மட்டும்தான் மனித மலேரியாவைத் தூக்கிக்கொண்டு அலைகிறது என்பது இன்று பயிற்சி மாணவருக்கு முதல் வாரத்திலேயே தெரிகிறது, படிவத்தில் அதற்கென்று ஒரு கட்டமே இருக்கிறது. அவருக்கு அந்தக் கட்டம் கிடைக்கவில்லை.

டெல்டா தம்பிக்கு ஒன்று. உங்கள் பக்கம் வயல்வெளி, அதனால் குலிசைன் கட்டத்தை இன்னும் கவனமாகப் பாருங்கள். நெல் வயலில் தேங்கும் நீரில் வளர்வது குலெக்ஸ் ட்ரைடீனியோரிங்கஸ், குலெக்ஸ் விஷ்ணுயி, இவற்றின் உறவுக் கொசுக்கள். பெயர் வாயில் நுழையாது என்று விட்டுவிடாதீர்கள், பிரித்தால் எளிது: ட்ரை என்றால் மூன்று, டீனியா என்றால் பட்டை, ரிங்கஸ் என்றால் மூக்கு. விஷ்ணுயி என்பது நம் விஷ்ணுவேதான், 1901-இல் தியோபால்ட் என்ற ஆங்கிலேயப் பூச்சியியலாளர் வைத்த பெயர். இவைதான் ஜப்பானிய மூளைக்காய்ச்சலைப் பரப்புகின்றன. இந்தியாவில் அந்த நோய் முதலில் அடையாளம் காணப்பட்டது 1955-இல், வேலூரில். யானைக்கால் பரப்பும் சாக்கடைக் கொசுவும் குலெக்ஸ்தான், ஆனால் அது குலெக்ஸ் குயின்குஃபேசியேட்டஸ். வயல் கொசுவுக்கும் அதற்கும் இடம் வேறு, நோய் வேறு. "குலெக்ஸ்" என்று மட்டும் எழுதி அனுப்பினால் மேலே இருப்பவர்கள் எதற்கு ஏற்பாடு பண்ணுவார்கள்?


மன்னார்க்_கரை எழுதியது:

இலங்கையிலிருந்து எழுதுகிறேன். நாங்கள் கொசு என்று சொல்வதில்லை, நுளம்பு. புழுவைக் குடம்பி என்போம். உங்கள் பேரினம் எங்கள் பாடத்தில் சாதி, உங்கள் சிற்றினம் எங்களுக்கு இனம், ஏடிஸை ஈடிஸ் என்று எழுதுகிறோம். இரண்டு கரையிலும் தமிழ்தான், ஆனால் நான் தமிழ்நாட்டுக் கையேட்டை வாசிக்கும்போது முதலில் தேடுவது அந்த லத்தீன் பெயரைத்தான். அது மட்டும்தான் இரண்டிலும் மாறாமல் இருக்கும். தமிழாக்கிய பெயர்களை மட்டும் போட்டு லத்தீனை விட்டுவிடுகிற கட்டுரைகளைப் பார்த்தால் எனக்கு வருத்தமாக இருக்கும், எங்களுக்கு அது எந்த நுளம்பு என்று பிடிபடாமலே போய்விடும்.

டீச்சர் சொன்ன ஸ்டெஃபன்சை பற்றி எங்கள் பக்கத்துக் கதை ஒன்று இருக்கிறது. இலங்கையில் 2012-க்குப் பிறகு சில ஆண்டுகள் உள்ளூரில் ஒருவருக்கும் மலேரியா தொற்றவில்லை. 2016 செப்டெம்பரில் உலக சுகாதார நிறுவனம் எங்களை மலேரியா அற்ற நாடு என்று அறிவித்தது. 1934-35 கொள்ளைநோயில் பல்லாயிரம் பேரைப் பறிகொடுத்த தேசம், அந்த அறிவிப்பு வந்தபோது எவ்வளவு பெரிய விடயம் என்று யோசித்துப் பாருங்கள். அதே ஆண்டு டிசம்பரில் மன்னார்த் தீவில், வீட்டுக் கிணற்று நீரில், அதுவரை இலங்கையில் பதிவாகாத அனாபிலிஸ் ஸ்டெஃபன்சை குடம்பிகளைக் கண்டுபிடித்தார்கள். "அனாபிலைன்" என்று கட்டத்தில் குறி போட்டதோடு நின்றிருந்தால் அது தெரியவே வந்திராது. எங்களிடம் ஏற்கெனவே பலவகை அனாபிலிஸ் உண்டு, ஒரு கிணற்றில் இன்னொன்று என்று கடந்து போயிருப்பார்கள். இனம்வரை பார்த்தபடியால்தான் பிடிபட்டது. எங்களுடைய பழைய மலேரியா நுளம்பு அனாபிலிஸ் குலிசிஃபேசிஸ், அது ஆற்று மணலில் தேங்கும் குட்டைகளில் பெருகுவது, கிராமத்துக்குரியது. புதிதாக வந்தது பட்டினத்துக் கிணற்றில் பெருகுவது. காவல் போட வேண்டிய இடமே மாறிவிட்டது.

தம்பி, குலிசிஃபேசிஸ் என்ற பெயரையும் கவனியுங்கள். "குலெக்ஸ் தோற்றம் கொண்டது" என்று பொருள். அனாபிலிஸ் எல்லாம் சுவரில் வாலைத் தூக்கிக்கொண்டு சாய்வாக உட்காரும் என்று படித்திருப்பீர்கள். இதுவோ குலெக்ஸ் மாதிரி சுவரோடு மட்டமாக உட்காரும். உட்காருவதை மட்டும் பார்த்துக் குலிசைன் என்று எழுதினால் மலேரியா நுளம்பைத் தவறவிட்டுவிடுவீர்கள். இதற்குள்ளும் ஏ முதல் ஈ வரை ஐந்து பிரிவு இருக்கிறது, கண்ணால் பார்த்துப் பிரிக்க முடியாது, குரோமோசோம் பார்க்க வேண்டும். ஈ என்ற பிரிவை முதலில் அடையாளம் கண்டது உங்கள் இராமேஸ்வரத்தில், எங்களுக்கு மலேரியா பரப்பியதும் அதே ஈ தான். இடையில் இருப்பது கொஞ்சம் கடல்தானே.


டெல்டா_பயிற்சி எழுதியது:

ஐயா, டீச்சர், மன்னார் அண்ணன் எல்லோருக்கும் நன்றி. குலிசைன் கட்டம் இப்போது தெளிவாகிவிட்டது, வகுப்பிலும் சொல்லிவிட்டேன்.

இன்னும் இரண்டு சந்தேகம். நூலகத்தில் ஒரு பழைய மருத்துவப் புத்தகத்தில் மஞ்சள் காய்ச்சல் கொசு என்று "ஸ்டெகோமியா ஃபேசியாட்டா" என்று இருக்கிறது. இணையத்தில் ஒரு கட்டுரையில் "ஸ்டெகோமியா ஈஜிப்டி", பாடத்தில் "ஏடிஸ் ஈஜிப்டி". மூன்று கொசுவா, ஒன்றா? இரண்டாவது, பெயருக்குப் பின்னால் லின்னேயஸ் பெயரைச் சில இடத்தில் அடைப்புக்குறிக்குள் போடுகிறார்கள், சில இடத்தில் இல்லாமல் போடுகிறார்கள். அச்சுப் பிழையா? அப்புறம், எகிப்துக் கொசு என்று பெயர் இருப்பதால் அது எகிப்திலிருந்து வந்ததா என்று ஒரு நண்பன் கேட்கிறான்.


விலங்கியல்_டீச்சர் எழுதியது:

மூன்றும் ஒரே கொசு. அடைப்புக்குறியும் அச்சுப் பிழை இல்லை, அதிலேயே ஒரு வரலாறு இருக்கிறது.

நம் பக்கம் பெயருக்கு முன்னால் இனிஷியல் போடுகிறோம் அல்லவா, அந்த இடத்தில் பேரினப் பெயரை வைத்துப் பாருங்கள். பின்னால் வரும் "ஈஜிப்டி" அந்தக் கொசுவுக்கு வைத்த பெயர், அது ஒட்டிக்கொண்டே வரும். முன்னால் இருப்பது ஆராய்ச்சியில் மாறலாம். 1762-இல் இது குலெக்ஸ் ஈஜிப்டி என்று வெளிவந்தது. லின்னேயஸின் மாணவர் ஹசல்குவிஸ்ட் எகிப்துப் பக்கம் பயணம் போய், திரும்பி வராமலே இறந்துபோனார். அவருடைய பயண நூலின் ஜெர்மன் பதிப்பில் வந்த பெயர் அது. பிறகு பேரினம் மாறிவிட்டது. முதலில் விவரித்தவர் வைத்த பேரினத்திலிருந்து ஒரு சிற்றினம் வேறு பேரினத்துக்கு மாறினால், அவர் பெயரை அடைப்புக்குறிக்குள் போட வேண்டும் என்பது விதி. அதனால் ஏடிஸ் ஈஜிப்டி (லின்னேயஸ்). குலெக்ஸ் பிப்பியன்ஸ் 1758-இலிருந்து இன்றுவரை குலெக்ஸிலேயே இருக்கிறது, அதனால் லின்னேயஸ் பெயருக்கு அடைப்புக்குறி இல்லை. ஒரு பட்டியலைப் பார்த்ததும் எது வீடு மாறியது, எது மாறவில்லை என்று இந்தக் குறியை வைத்தே சொல்லிவிடலாம்.

ஸ்டெகோமியா 1901-இல் தியோபால்ட் வைத்த பேரினம். பழைய மஞ்சள் காய்ச்சல் புத்தகங்களில் எல்லாம் ஸ்டெகோமியா ஃபேசியாட்டாதான். ஃபேசியாட்டா என்பது அதே கொசுவுக்கு இருந்த இன்னொரு பெயர், இன்று வழக்கில் இல்லை. பிறகு அதை ஏடிஸுக்குள் துணைப்பேரினமாக இறக்கினார்கள். 2004-இல் வகைப்பாட்டு ஆராய்ச்சியாளர்கள் சிலர் ஏடிஸ் பேரினத்தை உடைத்து ஸ்டெகோமியாவை மறுபடி பேரினமாக உயர்த்தினார்கள். நீங்கள் இணையத்தில் பார்த்தது அந்தக் காலத்துக் கட்டுரையாக இருக்கும். மருத்துவப் பூச்சியியல் இதழ்கள் அதை ஏற்கத் தயங்கின, நூறாண்டு டெங்கு இலக்கியம் முழுக்க ஏடிஸ் என்று இருக்கும்போது பெயரை மாற்றினால் தேடுகிறவன் என்ன செய்வான் என்று கேட்டார்கள். எனக்கும் அந்தப் பக்கம்தான் நியாயம் தெரிகிறது. 2015-இல் வந்த ஆய்வு ஒன்று பழையபடி பெரிய ஏடிஸ் பேரினத்தையே பரிந்துரைத்தது, இன்று பெரும்பாலும் அதுவே வழக்கம். முழுமையாக எழுதினால் ஏடிஸ் (ஸ்டெகோமியா) ஈஜிப்டி. பெயருக்கு நடுவில் அடைப்புக்குறி வந்தால் துணைப்பேரினம், கடைசியில் வந்தால் பேரினம் மாறிய சேதி. இந்த இரண்டையும் குழப்பிக்கொள்ளாதீர்கள்.

உங்கள் நண்பருக்கு: எகிப்து என்பது பெயரில் ஒட்டிக்கொண்ட இடம் மட்டும்தான். இந்தக் கொசுவின் பூர்வீகம் ஆப்பிரிக்கா, சகாராவுக்குத் தெற்கே இன்றும் காட்டில் மரப்பொந்துத் தண்ணீரில் வளர்கிற வடிவம் உண்டு. கப்பலில் ஏற்றிய தண்ணீர்ப் பீப்பாய்களில் உலகம் சுற்றியது. லின்னேயஸ் எழுதிய முதல் விவரணை உண்மையில் இந்தக் கொசுவோடு ஒத்துப்போகிறதா என்பதே பிரச்சினையாகி, 1962-இல் சர்வதேச விலங்கியல் பெயரிடல் ஆணையத்துக்கு மனுப் போட்டுத்தான் பெயரை உறுதிசெய்தார்கள். உலகமே பயன்படுத்துகிற பெயரைக் காப்பாற்ற விதியில் அப்படி ஒரு வழி வைத்திருக்கிறார்கள், அது நல்ல ஏற்பாடு.


பேரூராட்சி_களம் எழுதியது:

டீச்சர், கிணற்றுக் கேள்வி சரியான கேள்வி. எங்கள் வார்டில் மூடாத கிணறுகள் இருக்கின்றன, நாங்கள் ஊற்றுவது எல்லாம் தொட்டியிலும் டிரம்மிலும்தான். கிணற்றுப் புழுவைப் பார்க்கிற வழக்கமே இல்லை.

ஒரு சந்தேகம். குளத்துப் பக்கத்துத் தெருவில் சாயங்காலம் விளக்கைச் சுற்றிக் கும்பல் கும்பலாகப் பறக்கிறது, கொசு மருந்து அடியுங்கள் என்று ஓயாமல் புகார் வருகிறது. புகை அடித்தாலும் இரண்டு நாளில் திரும்ப வந்துவிடுகிறது. ஆனால் அந்தத் தெருவில் யாருக்கும் கடி இல்லை. அது என்ன கொசு?


பூச்சியியல்_பழையவர் எழுதியது:

நண்பரே, பெரும்பாலும் அது கொசுவே இல்லை, கைரோனோமிட் என்ற ஈ வகை. குலிசிடே என்ற சொல்லுக்கு உண்மையான வேலை வருவது இந்த மாதிரி இடத்தில்தான். இரண்டும் இரட்டைச் சிறகிகள், கால் நீளம், பார்வைக்கு ஒரே அச்சு. ஒன்றைப் பிடித்து வெள்ளைத் தாளில் வைத்து லென்ஸில் பாருங்கள். குலிசிட் என்றால் முகத்துக்கு முன்னால் நீளமான உறிஞ்சுகுழல் இருக்கும், சிறகு நரம்புகள் மேலேயும் சிறகின் பின்விளிம்பிலும் செதில் வரிசை இருக்கும். கைரோனோமிட்டுக்கு அந்த நீளக் குழல் கிடையாது, சிறகில் அப்படிச் செதிலும் கிடையாது. அது கடிக்காது, நோயும் பரப்பாது. அதற்குப் புகை அடிப்பது மருந்துக்கும் கேடு, பணத்துக்கும் கேடு. விளக்கை மாற்றி வைக்கச் சொல்லுங்கள், குளத்தின் கழிவைப் பாருங்கள், அதன் புழு சேற்றில் இருக்கும், சிவப்பாகக்கூட இருக்கும்.

தலைகீழாகவும் உண்டு. குலிசிடேயைச் சேர்ந்த எல்லாம் கடிக்கும் என்று இல்லை. ஆண் கொசு எதுவும் கடிக்காது. டாக்ஸோரிங்கைட்டிஸ் என்று ஒரு பெரிய கொசு, உடம்பு பளபளக்கும், அதில் பெண்ணும் கடிக்காது, அதன் புழு மற்றக் கொசுப்புழுவைத் தின்று வளர்கிறது. அதுவும் குலிசிட்தான். அதைப் பார்த்துப் பயந்து மருந்து ஊற்றிவிடாதீர்கள்.

டெல்டா தம்பி முதல் பதிவில் கேட்ட அறிக்கை விஷயம். பேரினப் பெயரை முதல்முறை முழுக்க எழுதுங்கள், பிறகு சுருக்குங்கள். ஆங்கிலத்தில் எழுதும்போது மற்றப் பிராணிகளுக்குப் பெரும்பாலும் ஓர் எழுத்துப் போதும், கொசுவுக்கு இரண்டு எழுத்து: அனாபிலிஸுக்கு ஏ-என், ஏடிஸுக்கு ஏ-இ, குலெக்ஸுக்கு சி-எக்ஸ். அனாபிலிஸும் ஏடிஸும் ஒரே எழுத்தில் தொடங்குவதால் ஓர் எழுத்தை மட்டும் போட்டால் மலேரியாவா டெங்குவா என்றே தெரியாது. பேரினத்தின் முதல் எழுத்து பெரியது, சிற்றினம் முழுக்கச் சின்ன எழுத்து, இரண்டும் சாய்வெழுத்து. குலிசிடே, குலிசினேவுக்குச் சாய்வு வேண்டாம். சிற்றினம் தெரியவில்லை என்றால் ஊகித்து எழுதாதீர்கள், பேரினத்துக்குப் பின்னால் எஸ்-பி என்று போடுங்கள், ஒன்றுக்கு மேற்பட்ட சிற்றினம் என்றால் எஸ்-பி-பி. தமிழில் எழுதினால் எந்த ஒலிப்பில் எழுதினாலும் பரவாயில்லை, கியூலெக்ஸ் என்று பாடநூலில் இருக்கிறது, நான் குலெக்ஸ் என்கிறேன். ஆனால் ஒரே அறிக்கைக்குள் இரண்டையும் கலக்கக் கூடாது, முதல் இடத்தில் ஒருமுறை ஆங்கில எழுத்திலும் போட்டுவிடுங்கள், மன்னார் நண்பர் மாதிரி தேடுகிறவருக்கு அது உதவும்.

படிவத்தில் குலிசைன் கட்டத்தில் குறி போட்ட பிறகு, பக்கத்தில் இருக்கிற குறிப்புக் கட்டத்தைக் காலியாக விடாதீர்கள். எந்தப் பாத்திரம், தண்ணீர் எப்படி இருந்தது, குழல் குட்டையா நீளமா, இந்த மூன்றையும் ஒரு வரியில் எழுதுங்கள். புதுச்சேரியில் 1975-லிருந்து இருக்கும் நோய்க்கடத்திக் கட்டுப்பாட்டு ஆய்வு மையத்திலும் (VCRC) மதுரையில் உள்ள அதன் கிளையிலும் கொசு இனம் காணத் தெரிந்தவர்கள் இருக்கிறார்கள். உங்கள் மாவட்டப் பூச்சியியல் அலுவலர் வழியாக மாதிரியை அனுப்பிக் கேட்கலாம். சிறகும் காலும் உடையாமல் அனுப்புங்கள், செதில் உதிர்ந்துவிட்டால் அவர்களாலும் சொல்ல முடியாது.